தண்ணீர் வண்டிப் பாட்டுக்காரரும் நான்கு மணி நோட்டீசும்

2009 ஐப்பசியில் ஒரு வாரம் முழுக்க, ஒரு நல்ல பிரேசில் பாட்டுக்காரரின் வாழ்க்கையை நாசமாக்கியவன் நான்தான் என்று நம்பிக்கொண்டிருந்தேன். சும்மா பேச்சுக்கு அல்ல, சோறு இறங்காத அளவுக்கு நம்பினேன். எனக்குச் சோறு இறங்கவில்லை என்றால் லண்டன் வெம்பிளியில் ஒருவரும் நம்பமாட்டார்கள் என்பது தெரியும். ஆனாலும் அந்த வாரம் நான் இரண்டாந்தரம் போட்டுச் சாப்பிடவில்லை. அதற்கு மனைவி சாட்சி.

அதற்கு முன்பு நம்பிய இன்னொரு மடத்தனமும் உண்டு. ஒருவர் தன்னைப் பாட்டுக்காரர் என்று சொன்னால், எத்தனை படத்தில் பாடியிருக்கிறார் என்று கேட்க வேண்டும், அதோடு அவரின் தரம் தெரிந்துவிடும் என்பது. நாங்கள் எல்லோரும் அப்படித்தானே வளர்ந்தோம்?

என் தொழில் விசேஷங்களுக்கு ஒலிபெருக்கி வாடகைக்கு விடுவது. கலியாணம், சாமத்திய வீடு, பிறந்தநாள், கோயில் திருவிழா என்று சனி ஞாயிறு ஓய்வில்லாமல் ஓடிய தொழில். அந்த வருடம் தை மாதத்திலிருந்து எங்கள் சனம், ஊரில் யுத்தத்தை நிறுத்தச் சொல்லி நாடாளுமன்றத்துக்கு முன்னால் போய் நின்றது. நானும் நின்றேன். வைகாசியில் ஊரில் எல்லாம் முடிந்த பிறகு பாட்டுப் போட ஒருவருக்கும் மனம் வரவில்லை. கலியாணங்கள் பதிவோடும் சாப்பாட்டோடும் முடிந்தன. அதைப் பற்றி எனக்குப் பகிடி வராது. பெட்டிகள் எல்லாம் கராஜுக்குள் கிடந்தன என்பதோடு விடுகிறேன்.

கராஜ் இருப்பது ஒரு கடை வரிசையின் பின்பக்கம். பெட்டிகளுக்கு ஈரம் பிடித்துவிட்டதா என்று பார்க்க ஆடி மாதத்தில் ஒரு பின்னேரம் போனேன். யாரோ ஆர்மோனியம் வாசிக்கிற சத்தம். ஏதோ பஜனைக் குழுவின் பெட்டியைக் களவெடுத்துக்கொண்டு வந்து ஒளித்திருக்கிறார்கள் என்று நினைத்து, துப்பறிகிற ஆள்போல மதிலால் எட்டிப் பார்த்தேன். கடைக்கு மேலே போகிற இரும்புப் படியில் ஒருவர் இருந்தார். அறுபது வயது இருக்கும். மெலிந்த ஆள், வெள்ளை மீசை, தலையில் தோல் தொப்பி. ஆர்மோனியத்தைத் தோளில் மாட்டி இழுத்து வாசிப்பதுபோல ஒரு அக்கோர்டியன்.

என் ஆங்கிலத்தையும் அவரின் ஆங்கிலத்தையும் கூட்டினால் ஒரு முழு ஆளின் ஆங்கிலத்துக்குச் சற்றுக் குறைவு. ஆகவே அவர் சொன்னதை எல்லாம் என் தமிழில்தான் இங்கே எழுதுகிறேன். பிரேசிலில் இருந்து வந்து, அந்தக் கடைக்கு மேலே குடியிருக்கிறாராம். காலையில் ஒரு ஹோட்டல் சமையலறையைக் கழுவுகிறாராம். ஊரில் பாட்டுக்காரராம், தானே எழுதி, தானே மெட்டுப் போட்டு, தானே பாடுகிறவராம்.

"எத்தினை படத்திலை பாடினீங்கள்?" என்று கேட்டேன்.

"ஒண்டிலும் இல்லை."

வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன். "பாவமப்பா. அறுபது வயசு. ஒரு படத்திலையும் பாடேல்லை."

"நீங்கள் எத்தினை படத்துக்குச் சவுண்ட் போட்டனீங்கள்?" என்று கேட்டுவிட்டு அவ வெங்காயம் வெட்டப் போய்விட்டா.

அடுத்தடுத்த பின்னேரங்களில் அவரின் கதை துண்டு துண்டாக வந்தது. அவரின் ஊர் பிரேசிலின் வடகிழக்கே, கடலில் இருந்து நெடுந்தூரம் உள்ளே. முள்மரமும் மாடும் மட்டும் உள்ள வறண்ட பூமி. தகப்பன் மாடு மேய்ப்பவர். பையனாக இருக்கும்போதே சனிக்கிழமைச் சந்தையில் நின்று வாசிக்கத் தொடங்கிவிட்டார். பிறகு அந்தப் பக்கத்து வானொலி விடியற்காலை நிகழ்ச்சியில் பாட வைத்தது. பால் கறக்கிற நேரத்தில் எல்லோரும் கேட்கிற நிகழ்ச்சி. இரண்டு இசைத்தட்டு, பிறகு ஒலிநாடாக்கள். ஆனி மாதத்தில் அங்கே ஊருக்கு ஊர் தீ மூட்டித் திருவிழா நடக்கும். நல்ல காலத்தில் ஒரே இரவில் மூன்று ஊரில் பாடிவிட்டு, லொறியின் பின்னால் படுத்து உறங்கிக்கொண்டு வீடு திரும்புவாராம்.

அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது ஒரு தண்ணீர் வண்டிப் பாட்டு. ஊரில் மழை இல்லை, ஆறு இல்லை, ஆனால் தேர்தல் வந்தால் மட்டும் தண்ணீர் வண்டி வரும். வண்டியைக் கண்டதும் ஒரு கிழவன் வேட்பாளரிடம், நீ தோற்றாலும் பரவாயில்லை, அடிக்கடி போட்டியிடு என்று கெஞ்சுகிறான். அதுதான் பாட்டு. அந்தப் பாட்டைச் சந்தையில் பாடாத ஆள் இல்லை. அதே பாட்டுக்காக அந்த ஊர்த் தலைவர் வானொலிக்காரரைக் கூப்பிட்டுப் பேசினார். விடியற்காலை நிகழ்ச்சி போய்விட்டது.

பிறகு பெரிய குழுக்கள் வந்தன. லொறி நிறையப் பெட்டி, புகை, ஆட்டக்காரிகள். திருவிழாவில் இரவு மேடை அவர்களுக்குப் போனது. இவரைப் பின்னேரம் நான்கு மணிக்கு, வெயிலுக்குள், ஒருவரும் வந்து சேராத நேரத்தில் ஏற்றினார்கள். இரண்டு வருடம் அப்படிப் பாடிப் பார்த்தார். மூன்றாம் வருடம் அக்கோர்டியனையும் தூக்கிக்கொண்டு லண்டனில் இருந்த மகளிடம் வந்துவிட்டார்.

"இஞ்சை ஒரு பெரிய மேடையிலை ஒருக்காப் பாடினால் போதும்" என்றார். "லண்டனிலை பாடினவன் எண்டு சொன்னால், ஊரிலை எனக்குத் திரும்பவும் இரவு மேடை தருவினம்."

இதை எனக்கு யாரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. வெளிநாட்டு முத்திரை குத்தினால்தான் எங்கள் ஆட்களுக்கும் கண் தெரியும்.

என் கராஜுக்கு அடிக்கடி வருகிற இன்னொருவன் தவில்காரன். கோயில்களில் தவில் வாசிப்பவன், கலியாணம் இல்லாத அந்த வருடத்தில் மினிகாப் என்கிற வாடகைக் கார் ஓட்டிக்கொண்டு எரிச்சலோடு திரிந்தான். பாட்டுக்காரர் தங்கள் ஊர் மேளத்தைப் பற்றிச் சொன்னார். ஒரு பக்கம் தடித்த தடி, மறுபக்கம் மெல்லிய குச்சியாம். தவில்காரன் உடனே தன் வண்டியில் இருந்து தவிலை இறக்கினான்.

"அண்ணை, இந்தாளுக்குப் பின்னாலை வாசிக்கலாம். ஆனால் தாளம் நொண்டுது" என்றான்.

"நொண்டுறது தாளமோ நீயோ?"

"நீங்கள் சவுண்ட்காரன், பொத்திக்கொண்டு வயரைப் பிடியுங்கோ."

இரண்டு கிழமையில் அந்த நொண்டலை அவன் பிடித்துவிட்டான். அவன் என்னை அண்ணை என்று கூப்பிடுவதைக் கேட்டுப் பாட்டுக்காரரும் என்னை அண்ணை என்றார். என்னைவிடப் பத்து வயது மூத்தவர். என் மனைவியையும் அண்ணை என்றார். அவ திருத்தவில்லை, அவவுக்கு அது பிடித்துக்கொண்டது.

ஆவணியில் அவர் குதித்துக்கொண்டு வந்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் வாசிக்கிற ஒரு பிரேசில் சாப்பாட்டுக் கடைக்கு ஒரு வெள்ளைக்காரர் வந்திருக்கிறார். கோடையில் பெரிய பூங்காவில் நடக்கிற இசை விழாவுக்கு ஆட்களைத் தெரிவு செய்கிறவராம். சாப்பாட்டுச் சத்தத்துக்குள் சரியாகக் கேட்கவில்லை, மேளதாளத்தோடு முழு நிகழ்ச்சி எப்போதாவது செய்தால் அறிவியுங்கள், கட்டாயம் வருவேன் என்று சொல்லி அட்டை கொடுத்திருக்கிறார்.

"விடுங்கோ, நான் செய்யிறன்" என்று நான் நெஞ்சைத் தட்டிக்கொண்டு சொன்னேன். பெட்டி இருக்கிறது, மைக் இருக்கிறது, தவில் இருக்கிறது. மண்டபம் ஒன்றுதான் குறை. அதை ஒரு தேவாலயத்தாரிடம் கெஞ்சி எடுத்தேன். இங்கேதான் என் கெட்டித்தனம் வேலை செய்யத் தொடங்கியது.

எங்கள் ஆட்களின் நிகழ்ச்சி ஆறு மணிக்குத் தொடங்க வேண்டுமென்றால் நோட்டீசில் நான்கு என்று அடிக்க வேண்டும். ஆறு என்று அடித்தால் எட்டுக்கு வருவார்கள். இது எல்லோருக்கும் தெரியும். தெரிந்தபடியால் நான்கு என்று கண்டதும் ஆறு என்று வாசித்துக்கொள்வார்கள். அதிலும் சிலர் இந்தக் கணக்கைத் தாண்டிக் கணக்குப் பார்த்து ஏழுக்கு வருவார்கள், அவர்களைத் திருத்த நோட்டீசால் ஏலாது. பிரேசில்காரர் நேரத்துக்கு வருவார்களா என்று பாட்டுக்காரரிடம் கேட்டேன். அவர் கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார். அப்படியென்றால் நான்குதான்.

நோட்டீஸ் அச்சாகி வந்ததும் அவரிடம் ஒன்று கொடுத்தேன். தொப்பிக்குக் கீழே முகம் சுருங்கியது.

"நாலு மணியோ?"

அவரின் ஊர் மேடையில் நான்கு மணி என்றால் என்ன என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. "இல்லை இல்லை. இது நாலு இல்லை, ஆறு" என்றேன்.

"அப்ப ஏன் ஆறு எண்டு போடேல்லை?"

"போட்டால் எட்டாப் போயிடும்."

அவர் நோட்டீசை மறுபடி பார்த்தார். "நல்ல முறைதான். ஆனால் இது தெரியாத ஆள் என்ன செய்யும்?"

"தெரியாத ஆள் ஆர் வரப்போகுது?" என்று கேட்டுவிட்டு, அன்று பின்னேரமே ஒரு நோட்டீசை உறைக்குள் போட்டு அந்த வெள்ளைக்காரருக்கும் அனுப்பிவைத்தேன்.

நிகழ்ச்சி நாள் சனிக்கிழமை. பாட்டுக்காரர் அக்கோர்டியனோடு பஸ்ஸில் முன்கூட்டியே போய்விட்டார். குளிருக்குள் விரல் இளக வேண்டுமாம். நானும் தவில்காரனும் என் வான் வண்டியில் பெட்டிகளை ஏற்றிக்கொண்டு, அவசரமில்லாமல் ஆறுதலாக வெளிக்கிட்டோம். வழியில் வாகன நெரிசல். வான் ஓர் அடி நகருவதும் நிற்பதுமாக இருந்தபோது, பொழுதுபோகாமல் தவில்காரன் நோட்டீசை எடுத்து வாசித்தான்.

"அண்ணை."

"என்ன?"

"அந்த விழாக்காரனுக்கும் இந்த நோட்டீஸ்தானே அனுப்பினனீங்கள்?"

"ஓம்."

"அவனுக்கு எங்கடை கணக்குத் தெரியுமே?"

வானில் இருந்த மணிக்கூடு ஐந்தை நெருங்கிக்கொண்டிருந்தது. வெள்ளைக்காரன் நான்கு என்றால் நான்குக்கு ஐந்து நிமிடம் முன்னதாக வந்து, வாசலில் நின்று மணிக்கூட்டைப் பார்க்கிற சாதி. முன்னால் நின்ற பஸ்ஸுக்கு ஹோர்ன் அடித்தேன். பஸ் என்ன செய்யும்? தவில்காரன் தன் பங்குக்கு, "அவன் வந்திட்டுப் போயிருப்பான் அண்ணை" என்று மூன்று விதமான குரலில் சொல்லிக்கொண்டிருந்தான்.

மண்டபத்துக்குப் போனால் முன்கதவு பூட்டுத்தான். பின்பக்கம் ஓடினேன். பின்வாசல் படியில் பாட்டுக்காரர் தனியாக இருந்தார், அக்கோர்டியன் மடியில். என்னைக் கண்டதும் "ஓம், அண்ணை" என்றார். அவருக்குத் தெரிந்த தமிழ் அவ்வளவுதான். நான் அவரின் முகத்தைப் பார்த்தேன். அதில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

யாராவது வந்தார்களா என்று கேட்க வாய் வந்தது. ஆனால் கேட்டால், ஏன் கேட்கிறாய் என்பார். அதற்குப் பதில் சொன்னால் மேடைக்கு ஏற முன்னமே மனுசன் உடைந்துபோவார். ஆகவே கேட்காமல், கலியாண வீட்டுக்காரன்போல ஒரு சிரிப்பைச் சிரித்துவிட்டு, கதவைத் திறந்துகொண்டு உள்ளே போனேன்.

பெட்டிகளை அடுக்கிக்கொண்டே விழாக்காரரின் கைபேசிக்கு எடுத்தேன். செய்தி விடச் சொல்லி ஒரு பெண்குரல் வந்தது. முதல் செய்தியை மரியாதையாக விட்டேன். இரண்டாவதில் எங்கள் இனத்தின் நேரக் கணக்கை விளங்கப்படுத்தினேன். மூன்றாவது பாதியில் தமிழுக்கு மாறிவிட்டது.

பிறகு வேட்டை தொடங்கியது. விழாக்காரரின் முகம் எங்கள் ஒருவருக்கும் தெரியாது. அவர் திரும்பி வரக்கூடும் என்ற நப்பாசையில், மண்டபத்துப் பக்கம் வந்த வெள்ளைக்காரர் எவரையும் நாங்கள் விடவில்லை. மண்டபத்தைக் கூட்டிப் பராமரிக்கிற கெயார்டேக்கருக்கு முன்வரிசையில் இடம் கொடுத்தோம். அவர் துடைப்பத்தோடு எழுந்து போய்விட்டார். வானை நிறுத்தியதற்கு அபராதத் துண்டு எழுத வந்தவருக்கு, சாப்பாட்டோடு வந்து சேர்ந்த மனைவி மட்டன் ரோல் கொடுத்தா. அவர் ரோலையும் வாங்கிக்கொண்டு துண்டையும் எழுதிவிட்டுப் போனார். கடைசியில் ஓர் உயரமான ஆள், கண்ணாடி, சுருங்கிய கோட்டு, ஒரு காதில் தோடு.

"இவன்தான் அண்ணை" என்றான் தவில்காரன். "தோட்டைப் பாருங்கோ. பாட்டுக்காரரைத் தெரிவு செய்யிற மூஞ்சை."

அவரை இரண்டு பக்கமும் பிடித்து முன்வரிசையில் இருத்தினோம். மனுசன் ரோல் தின்றார், தேநீர் குடித்தார், எல்லாவற்றுக்கும் நன்றி சொன்னார். எனக்கு உயிர் வந்தது. நிகழ்ச்சி தொடங்கியதும், ஒலி மிக்சருக்குப் பின்னால் நின்று மேடையைப் பார்த்துக் கட்டைவிரலை உயர்த்தி, பிறகு அதே விரலால் அந்த ஆளைக் காட்டினேன். பாட்டுக்காரர் அவரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். மெல்லத் தலையாட்டிச் சிரித்தார். என்ன பெருந்தன்மையான சிரிப்பு என்று நினைத்துக்கொண்டேன்.

இரண்டாம் பாட்டு முடிகிற நேரம், பக்கத்து அறையில் நடன வகுப்பு முடிந்து ஒரு சின்னப் பெண் ஓடி வந்து, "டாடி" என்று அந்த ஆளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். போகும்போதும் அவர் நன்றி சொன்னார். எனக்கு மிக்சரைத் தூக்கித் தவில்காரனின் தலையில் போட வேண்டும் போலிருந்தது. மேடையில் பாட்டுக்காரர் பாட்டின் நடுவில் வாய்விட்டுச் சிரித்தார். அதுகூட எனக்கு நெஞ்சில் குத்தியது.

ஏழு மணிபோல மண்டபம் நிறைந்தது. பிரேசில்காரர் வந்த கையோடு சோடி சோடியாக ஆடத் தொடங்கினார்கள். எங்கள் ஆட்கள் சுவரோரம் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். வைகாசிக்குப் பிறகு அவர்களில் பலருக்கு அதுதான் முதல் வெளிக்கிடல். ஆடவில்லை, ஆனால் சப்பாத்துகள் தாளம் போட்டன. தண்ணீர் வண்டிப் பாட்டுக்கு முன்னால் அவர் தன் அரை ஆங்கிலத்தில் கதையைச் சொன்னார். எங்கள் ஊரில் தேர்தல் வந்தால்தான் தண்ணீர் வரும் என்றார்.

பின்னால் இருந்து ஒரு குரல் தமிழில் வந்தது. "எங்களுக்கு அதுவும் வாறேல்லை!"

மண்டபத்தின் எங்கள் பக்கம் வெடித்துச் சிரித்தது. அந்தச் சிரிப்பை நான் மாதக்கணக்கில் கேட்டிருக்கவில்லை. பாட்டுக்காரருக்கு என்ன சொன்னார்கள் என்று விளங்கவில்லை, ஆனால் அந்தச் சிரிப்பைத் தாளத்துக்குள் வாங்கிக்கொண்டு பாடினார். தவில்காரன் கண்ணை மூடிக்கொண்டு வாசித்தான். நான் ஒருவன்தான் கதவைப் பார்த்துக்கொண்டு நின்றேன். இவ்வளவு நல்ல நிகழ்ச்சியைக் கேட்க வேண்டிய ஒரே ஒரு ஆள் மட்டும் வரவில்லையே என்ற எரிச்சலில் எனக்கு ஒரு பாட்டும் காதில் ஏறவில்லை.

முடிந்ததும் அவர் என்னைக் கட்டிப்பிடித்தார். விழாக்காரரைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். கேட்காமல் விட்டதைத்தான் தாங்க முடியவில்லை. மனுசன் உள்ளுக்குள் நொறுங்கிப் போயிருக்கிறார் என்று முடிவு செய்தேன்.

அதன் பிறகு வந்ததுதான் முதலில் சொன்ன அந்த வாரம். வானை இரண்டு தெரு தள்ளி நிறுத்தினேன். கராஜுக்கு அவர் வேலைக்குப் போகிற நேரம் பார்த்துப் போனேன். அக்கோர்டியன் சத்தம் கேட்டால் திரும்பி நடந்தேன். விழாக்காரரிடமிருந்து பதில் இல்லை. லண்டனின் மறுகோடியில், செவன் கிங்ஸில் இருக்கிற ஓர் உறவினரிடம் கொஞ்ச நாள் போய் நிற்கலாமா என்றும் யோசித்தேன்.

"கொலை செய்தவன்கூட இப்பிடி ஒளிக்கமாட்டான்" என்றா மனைவி. "போய்ச் சொல்லுங்கோவன்."

"என்னெண்டப்பா சொல்லுறது?"

"வாயாலை."

ரோல்ஸ் ஒரு பெட்டி கட்டித் தந்தா. அடுத்த சனிக்கிழமை பின்னேரம் போனேன். அவர் இரும்புப் படியில் இருந்தார். வானில் வரும்போது பாடமாக்கிய பேச்சை முழுக்கப் பேசினேன். நோட்டீஸ், நான்கு மணி, வெள்ளைக்காரரின் பழக்கம், மூன்று தொலைபேசிச் செய்தி, தோடு போட்ட ஆள் என்று எல்லாவற்றையும் சொன்னேன். இடையில் எனக்கே அழுகை வரப் பார்த்தது. அவர் ரோலைக் கடித்தபடி கடைசிவரை கேட்டுக்கொண்டிருந்தார்.

"அண்ணை, அவர் வந்தவர்" என்றார்.

"எப்ப?"

"நாலு மணிக்கு. நான் படியிலை இருந்து வாசிச்சுக்கொண்டிருந்தனான். கதவு பூட்டு எண்டு பின்னாலை சுத்தி வந்தவர்."

"பிறகு?"

"பாடச் சொல்லிக் கேட்டவர். பாடினனான்."

"ஏன் எனக்கு ஒரு சொல்லுச் சொல்லேல்லை?" நான் கத்திவிட்டேன்.

"நீங்கள் கேக்கேல்லையே. அங்கையும் இஞ்சையும் ஓடிக்கொண்டெல்லோ நிண்டனீங்கள். பிறகு ஒரு ஆளைப் பிடிச்சு இருத்தி எனக்கு விரலைக் காட்டினனீங்கள்." அவருக்கு மறுபடி சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டு சொன்னார்: "சொல்லியிருந்தால் நீங்கள் ரெண்டு பேரும் செத்த வீட்டிலை வாசிக்கிற மாதிரி வாசிச்சிருப்பியள். எனக்கு அண்டைக்குப் பாடவேணும் போலை இருந்தது."

நடந்தது இவ்வளவுதான். விழாக்காரர் நோட்டீசில் போட்ட நேரத்துக்கு வந்தார். பின்வாசலில் நின்றபடி மூன்று பாட்டுக் கேட்டார். தண்ணீர் வண்டிப் பாட்டை இன்னொரு தரம் பாடச் சொன்னார். குரல் நன்றாக இருக்கிறது, ஆனால் தங்கள் விழாவுக்கு இது சரிவராது என்று சொல்லி, கைகொடுத்துவிட்டு ரயிலுக்குப் போனார். அடுத்த வருடம் சித்திரையில், லண்டனில் ஒரு பெரிய மேடையிலும் ஏறாமலே பாட்டுக்காரர் ஊருக்குத் திரும்பினார்.